குதிரைச் சாணத்தில் முட்டை எண்ணிய தாபித் அவர்களுக்கு

முப்பத்தோரு ஆண்டுகள் முரட்டுக் குதிரைகளின் தலையைத் தூக்கிப் பிடித்தே தேய்ந்துபோன வலது தோள்பட்டையை இடது கையால் அமுக்கிவிட்டுக்கொண்டு, நாங்கள் போட்ட நாற்காலியில் உட்காரவும் முடியாமல் எழுந்து போகவும் முடியாமல் நெளிந்துகொண்டிருக்கும் எங்கள் தாபித் அவர்களே. வண்டிக்குப் பின்னால் தொங்கும் சாணப் பையில் மற்றவர்கள் நாற்றத்தை மட்டும் கண்டபோது நோயைக் கண்டவரே. குடலுக்குள் குடியிருந்து குதிரையின் குருதியைக் குடிக்கும் கூட்டத்தை உப்புத் தண்ணீரையும் ஒரு சின்னக் கண்ணாடித் தகட்டையும் வைத்துக்கொண்டு எண்ணிக் காட்டியவரே: நைல் கரையின் கோம் சுல்தான் குதிரை மருத்துவ நிலையத்தில் உங்களோடு உழைத்தவர்களும் உங்களிடம் திட்டு வாங்கியவர்களும், படகுத்துறை வண்டிக்காரர்கள் முன்னிலையில் உங்களுக்கு வாசிக்கும் மடல் இது.

இப்படிப்பட்ட மடலில் பாராட்டைத் தவிர வேறு எதுவும் இருக்கக் கூடாது என்பது வழக்கம். எங்களால் அப்படி எழுத முடியவில்லை. வரும் ஞாயிற்றுக்கிழமை நிர்வாகக் குழு உங்கள் பணிக் கோப்பை மூடி முத்திரை வைக்கிறது. அந்தக் கோப்பில் ஆறு ஆண்டுகளாக ஒரு வரி கிடக்கிறது. "புழு மருந்து கொடுத்ததில் கவனக்குறைவு, குட்டி இறந்தது." அந்த வரியோடு கோப்பு மூடப்பட்டால், ஆற்றின் மேல்கரையில் புதிதாகத் திறக்கும் நிலையத்தில் வாரம் இரண்டு நாள் சாணம் பார்க்கக் கற்றுக்கொடுக்க உங்களை எடுக்க மாட்டார்கள். இந்த வயதில் நீங்கள் ஆசைப்பட்டுக் கேட்ட ஒரே வேலை அது. அந்த வரி பொய். அதை எழுத வைத்தவர்கள் இதே முற்றத்தில் தேநீர் குடித்துக்கொண்டிருக்கிறார்கள். எனவே புகழ்ச்சியைச் சீக்கிரம் சொல்லி முடித்துவிட்டு அந்த விஷயத்துக்கு வருகிறோம். தாபித் அவர்களே, தயவுசெய்து எழுந்திருக்க வேண்டாம். இதை வாசித்து முடிக்கும் வரை வாளிகள் கழுவாமல் கிடக்கட்டும்.

நீங்கள் இங்கே வேலைக்கு வந்த காலத்தில் புழு மருந்து என்பது பெருநாளுக்கு முன் ஒரு தடவை நடக்கும் சடங்கு. நிலையம் கொடுக்கும் பசை மருந்துக் குழலை ஒருவர் வாங்குவார். துறையில் நிற்கும் ஐந்து குதிரைகளின் நாக்கிலும் ஆளுக்குக் கொஞ்சம் பிதுக்குவார். ஒரே தட்டில் ஐந்து பேர் கை வைத்துச் சாப்பிட்டுப் பழகிய ஊர் இது. பக்கத்து வண்டிக்காரன் பார்த்துக்கொண்டிருக்க ஒரு குழல் முழுவதையும் தன் குதிரைக்கு மட்டும் கொடுப்பது இங்கே கேவலம். புழுக்களுக்கு இந்த வழக்கம் ரொம்பப் பிடித்திருந்தது. சாகும் அளவுக்குக் கிடைக்காமல், பழகும் அளவுக்கு மட்டும் மருந்து கிடைத்தால் எந்தப் புழுவுக்குத்தான் கசக்கும்? ஆண்டுதோறும் மருந்து போயிற்று. ஆண்டுதோறும் குதிரைகள் இளைத்தன. விலா எலும்பை எண்ணிவிடலாம் போல நின்றன.

நீங்கள்தான் முதலில் சுற்றிப் பார்த்தீர்கள். லாயத்துச் சாணம் கால்வாய்க்கரையில் பெர்சீம் என்ற தீவனத் தழை விளையும் வயலுக்குப் போகிறது. பச்சைச் சாணத்தை அப்படியே வயலில் இறைக்கிறார்கள். ஈரத்தில் முட்டை பொரிந்து புழுக்குஞ்சு தழையில் ஏறி நிற்கிறது. அந்தத் தழையை அறுத்துக் கட்டி அதே குதிரைகளுக்கு அதே வண்டிக்காரர்கள் கொண்டுவருகிறார்கள். "நீங்க புழுவுக்குப் போக வர வண்டி வாடகை வாங்காம ஓட்டுறீங்க, உஸ்தா" என்று துறையில் நின்று சொன்னீர்கள். யாரும் சிரிக்கவில்லை. பிறகு லாயத்துக்குப் பின்னால் குழி வெட்டி, சாணத்தை அதில் கொட்டி, கிளறிக் கிளறிச் சூடேற்றி, மாதக்கணக்கில் மக்க வைத்த பிறகே வயலுக்கு விட்டீர்கள். "சாணத்தைப் பிடிச்சு ஜெயில்ல போட்டுட்டாரு நம்ம பாஷா" என்றார்கள். அப்போது எல்லோரும் சிரித்தார்கள். தரையில் தீவனம் போடாதே, தொட்டியில் போடு என்று சொன்னதும், முன்னங்கால் மயிரில் ஒட்டிக்கிடக்கும் மஞ்சள் ஈ முட்டைகளை வண்டிக்காரர்களின் சவரக் கத்தியைப் பிடுங்கிச் சுரண்டியதும், வாலைச் சுவரில் தேய்க்கும் குதிரையைக் கண்ணேறு என்று சொல்லித் தாயத்துக் கட்டியவரிடம் வாலைத் தூக்கி ஊசிப் புழுவைக் காட்டியதும் உங்கள் சேவையில் சேரும். இவற்றை நாங்கள் அழகாக வரிசைப்படுத்தி எழுதியிருக்க வேண்டும். மனம் அந்தக் கோப்பைச் சுற்றியே ஓடுகிறது.

ஏழு ஆண்டுகளுக்கு முன் எல்லாக் குதிரைக்கும் மருந்து என்பதை நிறுத்தினீர்கள். ஒவ்வொரு குதிரையின் புதுச் சாணத்தையும் தனித்தனியாக எடுத்து, உப்புத் தண்ணீரில் கரைத்து, மேலே மிதந்து வரும் முட்டைகளை எண்ணினீர்கள். துறையில் முப்பத்து நான்கு குதிரைகள். அவற்றில் ஒன்பதுதான் ஊர் முழுக்க முட்டை சிந்திக்கொண்டிருந்தன. மருந்து அந்த ஒன்பதுக்கு மட்டும், அதுவும் ஆளுக்கு ஒரு குழல், நாடாவால் மார்பை அளந்து எடைக்கேற்ற முழு அளவு. மற்றவைக்கு வேண்டாம், வீணாகக் கொடுத்தால் நாளைக்கு எந்த மருந்தும் கேட்காத புழுதான் மிஞ்சும் என்றீர்கள்.

அன்றைக்கு நடந்த பேச்சு நிலையத்துச் சுவர்களுக்கு இன்னும் ஞாபகம் இருக்கும். துறையில் மூத்த வண்டிக்காரர் தாஹி இடுப்பில் கை வைத்துக்கொண்டு வந்தார்.

"அந்தக் கிழட்டுக் குதிரைக்கு மருந்து, என் குதிரைக்கு இல்லையா? அவன் என்ன உனக்கு மச்சானா?"

"உன் குதிரை சாணத்துல முட்டை இல்ல, உஸ்தா. சந்தோஷப்படு."

"முட்டைதான் வேணும்னா முன்னாடியே சொல்லியிருக்கலாமே. ரெண்டு கோழியை வாங்கி வண்டியில கட்டியிருப்பேன்."

நீங்களும் சிரித்தீர்கள். ஆனால் மருந்து கிடைத்த ஒன்பது பேரால் சிரிக்க முடியவில்லை. இல்லாதவர்கள் நடுவில் வைத்திருப்பவராக நிற்பது அவர்களுக்குக் கூச்சமாக இருந்தது. உங்கள் முன்னால் அளவாகக் கொடுத்ததுபோல் காட்டிவிட்டு, குழலில் பாதியைச் சட்டைப்பையில் பதுக்கி, துறைக்குப் போய் மற்றவர்களுக்குப் பங்கு வைத்தார்கள். பதினைந்து நாள் கழித்து நீங்கள் மறுபடி எண்ணியபோது முட்டை குறையவே இல்லை. மருந்து கெட்டுப்போனதோ, கண் கெட்டுப்போனதோ என்று மூன்று நாள் அந்தக் கண்ணாடியை விட்டு நகராமல் எண்ணிக்கொண்டே இருந்தீர்கள்.

அடுத்த ஆண்டும் அதே எண்ணிக்கை, அதே ஒன்பது குழல், அதே பங்கு. அந்த வாரத்தில்தான் கினாவியின் குட்டி.

கினாவி இதோ மூன்றாவது வரிசையில், தூணுக்குப் பக்கத்தில், உட்காராமல் நிற்கிறார். அவர் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறோம். எழுதச் சொன்னவரும் அவர்தான்.

கினாவியிடம் ஒரே ஒரு பெண் குதிரை இருந்தது. பதினோரு ஆண்டுகள் வண்டி இழுத்த பிறகு அது முதன்முதலாக ஒரு குட்டி போட்டது. நெற்றியில் மல்லிகை மொட்டு அளவுக்கு வெள்ளை. மல்லிகை என்ற பொருளில் ஃபுல்லா என்று பெயர் வைத்தார். ஃபுல்லா வளர்ந்தால் தாய்க்கு ஓய்வு. ஃபுல்லா வளராவிட்டால் தாய் தெருவில் விழும் வரை இழுக்க வேண்டியதுதான். கினாவியின் கணக்கு அவ்வளவுதான். ஆறு மாதத்தில் குட்டியின் வயிறு பானை மாதிரி உப்பியது, மயிர் வறண்டது, இருமியது. நன்றாகத் தின்று கொழுக்கிறது என்று கினாவி மகிழ்ந்தார். நீங்கள் அந்த வழியாகப் போனவர் நின்றீர்கள்.

"இது கொழுப்பு இல்ல கினாவி. வயிறு நிறையப் புழு. நீளப் புழு."

"அப்ப உடனே மருந்து குடுங்கண்ணே."

"உடனே குடுத்தா உடனே செத்துரும். புழு இல்ல, குட்டி. உள்ளே இருக்கிற அத்தனையும் ஒரே நாள்ல செத்தா குடல்ல அடைச்சுக்கும். மெதுவாக் கொல்ற மருந்து கொஞ்சம் இன்னிக்கு. பத்து நாள் கழிச்சு மறுபடி கொஞ்சம். நடுவுல எதுவும் கூடாது. பசை மருந்தைக் கண்ணுல கூடக் காட்டாதே. புரியுதா?"

"புரியுதுண்ணே."

"திருப்பிச் சொல்லு."

கினாவி திருப்பிச் சொன்னார். செவ்வாய்க்கிழமை காலை, துறைக்காரர்கள் வேடிக்கை பார்க்க, உங்கள் கையால் வெள்ளை மருந்தை அளந்து குட்டியின் வாயில் விட்டீர்கள். எல்லோரும் பார்த்தார்கள். பிற்பாடு அதுதான் வினையாயிற்று.

புதன்கிழமை குட்டி சாணத்தோடு ஏழெட்டுப் புழுக்களைப் போட்டது. ஒவ்வொன்றும் பென்சில் மாதிரி, வெள்ளையாக, சிலது அசைந்துகொண்டு. கினாவி குனிந்து குச்சியால் கிளறிப் பார்த்தார். இத்தனை வெளியே வந்தால் உள்ளே எத்தனை இருக்கும் என்று நினைத்தார். பத்து நாள் பொறுக்க வேண்டும் என்பது அவருக்கும் தெரியும். ஆனாலும் கால் நிலைகொள்ளவில்லை. வண்டியைப் பூட்டுவார், அவிழ்ப்பார், குட்டியிடம் போய் வயிற்றில் காதை வைப்பார், மறுபடி பூட்டுவார். படகிலிருந்து இறங்கிய இரண்டு சவாரிகளை வேறு ஆளுக்கு விட்டுவிட்டார்.

வியாழக்கிழமை மாலை தாஹி பார்த்தார். துறையில் நின்றவர்களும் பார்த்தார்கள். கெட்ட எண்ணம் ஒருவருக்கும் கிடையாது. இதை எத்தனை தடவை வேண்டுமானாலும் எழுதுவோம்.

"ஏண்டா இப்படிக் குட்டி போட்ட பூனை மாதிரி சுத்துற? கொஞ்சம் மருந்துக்கே இத்தனை வந்துச்சுன்னா, இன்னும் கொஞ்சம் குடுத்தா முடிஞ்சுதே."

"தாபித் அண்ணன் கூடாதுன்னாரு."

"அவரு முட்டை எண்ணுறவரு. எண்ணி முடிக்கிறதுக்குள்ள உன் குட்டிக்கு மீசை முளைச்சிரும். எங்கிட்ட அரைக் குழல் இருக்கு. டேய், யார் யார் பையில மிச்சம் இருக்கு, எடுங்கடா."

ஏழு பேர் எடுத்தார்கள். தங்கள் குதிரைக்குச் சேர வேண்டியதைக் குறைத்தும், பங்காகக் கிடைத்ததிலும் மிச்சம் வைத்த மருந்து அது. ஆளுக்கு ஒரு பிதுக்கு, குட்டியின் நாக்கில், பிஸ்மில்லா சொல்லி. கினாவியே தலையைத் தூக்கிப் பிடித்தார். ஏழாவது ஆள் பிதுக்கியபோது குட்டி கையை நக்கியதாம். கினாவி சொல்கிறார், தான் தனியாள் இல்லை என்று வாழ்க்கையில் அன்று நினைத்த அளவுக்கு வேறு எந்த நாளும் நினைத்ததில்லை.

வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்து வந்தபோது ஃபுல்லா தரையில் புரண்டு தன் வயிற்றைத் தானே உதைத்துக்கொண்டிருந்தது. உங்களுக்கு ஆள் அனுப்பினார்கள். நீங்கள் வந்து சேர்ந்தபோது மூச்சு நின்றிருந்தது. அன்றைய மருத்துவர் வயிற்றைத் திறந்தார். குடலுக்குள் சேமியாவைப் பிசைந்து கயிறாகத் திரித்தது மாதிரி, மணிக்கட்டுக் கனத்தில், செத்த புழுக்கள். ஒரே நேரத்தில் செத்தவை. அந்த மருத்துவர் கேட்டது ஒரே கேள்வி: "மருந்து கொடுத்தது யார்?" கூட்டம் முழுவதும் உங்களைப் பார்த்தது.

கினாவி வாயைத் திறந்தார். தாஹி அவர் தோளில் கை வைத்தார். நிலையத்து விதி எல்லோருக்கும் தெரியும்: கொடுத்த மருந்தை வேறு குதிரைக்குக் கொடுத்தவர் பெயர் இலவச மருந்துப் பட்டியலிலிருந்து அடிக்கப்படும். ஏழு பெயர், ஏழு குதிரை. கினாவி வாயை மூடிக்கொண்டார்.

மூடிக்கொண்டதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. பயம் பிடித்தவனுக்குச் சும்மா இருக்க வராது. அடுத்த வாரம் தாஹி ஒரு மனு எழுதச் செய்தார். உங்கள் கை மருந்தால் குட்டி செத்தது, உங்களிடமிருந்து மருந்து அலமாரிச் சாவியை வாங்க வேண்டும் என்று. இருபத்தோரு கைநாட்டு. முதல் கைநாட்டு கினாவியுடையது. குட்டிக்குச் சொந்தக்காரர் அவர்தானே.

சாவியை வாங்கினார்கள். விசாரணையில், "வேறு யாராவது மருந்து கொடுத்தார்களா?" என்று உங்களைக் கேட்டார்கள். "நான் பார்க்கவில்லை" என்றீர்கள். அது உண்மை, பார்க்கவில்லைதான். இரண்டு ஆண்டுகள் சாவி இல்லாமல், அதே கூட்டத்தின் குதிரைகளுக்குப் பின்னால் வாளியோடு நடந்து, அதே கண்ணாடியில் முட்டை எண்ணினீர்கள். துறையிலும் ஒரு மாற்றம் நடந்தது. அதன் பிறகு ஒருவரும் குழலைப் பங்கு வைக்கவில்லை. யாரும் யாருக்கும் சொல்லிக்கொள்ளாமல் நிறுத்திக்கொண்டார்கள். அவரவர் குதிரைக்கு முழுக் குழல் போயிற்று. மூன்றாம் ஆண்டில் முட்டை எண்ணிக்கை பத்தில் ஒரு பங்காகக் குறைந்தது. இன்றைக்கு வெளியே பூட்டி நிற்கும் குதிரைகளின் மினுமினுப்பைப் பார்த்துப் படகில் வருகிறவர்கள் படம் எடுக்கிறார்கள். பாராட்டு எங்கள் நிலையத்துக்கு வந்தது. உங்களுக்கு அந்த ஒரு வரி மிஞ்சியது.

நீங்கள் ஓய்வு பெறுகிறீர்கள் என்ற செய்தி துறைக்குப் போன மறுநாள் காலை கினாவி இங்கே வந்தார். நீங்கள் சாணம் கரைத்து முட்டை எண்ணிக்கொண்டிருந்தீர்கள். எங்கள் லாடக்காரர் பக்கத்தில் இருந்தார். அவர் காதால் கேட்டது இது.

"அண்ணே, ஒண்ணு சொல்லணும்."

"சொல்லு. கை சும்மாத்தானே இருக்கு, இந்த வாளியைப் பிடி."

"ஃபுல்லாவை நீங்க கொல்லலண்ணே."

"தெரியும்."

"நாங்கதான் பசை மருந்து..."

"தெரியும்டா. செத்த குட்டி வாயில பசை மருந்தோட ஆப்பிள் வாசனை அடிச்சுது. நான் குடுத்த வெள்ளை மருந்துல ஏது வாசனை? வாளியைச் சாய்க்காதே."

கினாவி வாளியை நிமிர்த்திப் பிடித்தார். ஆறு ஆண்டுகளாக உங்களைக் கண்டால் சந்து மாறிப் போனவர் அவர். ஒன்றும் தெரியாத மனிதரிடமிருந்து ஒளிந்ததாக நினைத்திருந்தார். எல்லாம் தெரிந்த மனிதர் ஒவ்வொரு காலையும் சலாம் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார்.

"அப்ப ஏண்ணே சொல்லல?"

"சொன்னா என்ன ஆகும்? ஏழு பேரையும் பட்டியல்ல அடிச்சுருவாங்க. ஏழு குதிரைக்கு மருந்து நின்னுரும். அந்த ஏழுல நாலு எப்பவும் முட்டை சிந்துற சனியன். அது ஏழும் மருந்து இல்லாம துறையில நின்னா மத்த இருபத்தேழும் கெட்டுச்சு. எனக்கு ஒரு வரி எழுதுனா புழு கூடப்போகுதா?"

"இப்ப கோப்பை மூடப்போறாங்களாமே."

நீங்கள் கண்ணாடியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை என்றார் லாடக்காரர். எண்ணுவதையும் நிறுத்தவில்லை. அப்படியே, "மேல்கரையில நாப்பது குதிரை இருக்காம். ஒருத்தனுக்கும் எண்ணத் தெரியாதாம்" என்றீர்கள். 

கினாவி அங்கிருந்து நேரே எங்கள் தலைமை மருத்துவர் நிஹால் அம்மையாரிடம் போய் எல்லாவற்றையும் சொன்னார். அம்மையார், யாருடைய பெயரும் பட்டியலிலிருந்து அடிக்கப்படாது என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். நிர்வாகக் குழுவோ, மனுவில் கைநாட்டு வைத்த இருபத்தோரு பேரும் வந்து அதைத் திரும்பப் பெற்றால்தான் வரியை அடிப்போம் என்கிறது. கினாவி மனுவைத் திரும்பப் பெறும் காகிதத்தை எடுத்துக்கொண்டு துறைக்குப் போனார்.

"இதுல கட்டை விரலை வைங்க. அந்த மனுஷன் நமக்காக ஆறு வருஷம் சுமந்திருக்காரு."

"பட்டியல்ல அடிக்க மாட்டாங்கன்னு எழுதித் தந்தாச்சு, சரி" என்றார் தாஹி. "ஊர் சொல்லுமே, ஏழு ஆம்பளைங்க சேர்ந்து ஒரு குட்டியைக் கொன்னாங்கன்னு. என் பேரன் காதுல விழாதா?"

"விழட்டும். அவர் பேரன் காதுல ஆறு வருஷமா விழுந்துட்டுத்தான் இருக்கு."

"நல்லது நினைச்சுத்தானேடா குடுத்தோம்."

"நல்லது நினைச்சதைச் சொல்லுங்க. செஞ்சதையும் சேத்துச் சொல்லுங்க."

தாஹி சாட்டையை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு வண்டியில் ஏறிவிட்டார். மூன்று பேர் மட்டும் விரலை மையில் தோய்த்தார்கள்.

தாபித் அவர்களே, கினாவியைப் பற்றிச் சொன்னோம், வண்டிக்காரர்களைப் பற்றிச் சொன்னோம். எங்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். விசாரணை நடந்தபோது உங்கள் பக்கத்தில் நிலையத்தார் ஒருவர் கூட நிற்கவில்லை. உங்கள் கை தவறாது என்று எங்களுக்குத் தெரியும். அளக்காமல் ஒரு சொட்டுக் கூட நீங்கள் கொடுத்ததில்லை என்பது தெரியும். தெரிந்தும் எங்கள் வேலையைப் பார்த்தோம். சாவி இல்லாத அலமாரி முன்னால் நீங்கள் நின்று, இன்னொருவர் திறந்துவிடக் காத்திருந்த காலைகளை நாங்கள் பார்க்காததுபோல் கடந்தோம். இந்தப் பாராட்டு மடலில் அந்த வெட்கத்துக்கும் இடம் கொடுத்தோம். சட்டம் போட்டு மாட்டும்போது அதுவும் சேர்ந்தே தொங்கட்டும்.

தோள்பட்டை வலி தணிந்து, கண்ணின் கூர்மை குறையாமல், உங்கள் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் சூழ, வெயிலில் உப்பிய ரொட்டியும் கீரைக் குழம்பும் செரிக்கும் வயிற்றோடு, நைல் நீர் வற்றாத காலமெல்லாம் நீங்கள் நலமாக வாழ வேண்டும். மேல்கரையின் நாற்பது குதிரைகளும் உங்கள் வாளியின் சத்தத்தைக் கேட்டுக் காதை நிமிர்த்த வேண்டும். அதற்கு வாழ்த்து போதாது என்பது எங்களுக்குத் தெரியும்.

வியாழக்கிழமையான இன்று, கோம் சுல்தான் குதிரை மருத்துவ நிலையத்து மருத்துவர்கள், உதவியாளர்கள், லாடக்காரர், காவலாளி ஆகியோர் கையெழுத்திட்டோம். எங்களோடு சேர்ந்து, ஃபுல்லாவின் சொந்தக்காரர் கினாவி விரல் பதித்தார்.

நிர்வாகக் குழுவின் அலுவலகம் ஞாயிறு காலை பத்து மணி வரை காகிதத்தை வாங்கும். இருபத்தோரு கைநாட்டில் நான்கு திரும்பி வந்திருக்கின்றன. தாஹியுடையதையும் சேர்த்து, பதினேழு கைநாட்டு உங்களுக்கு இன்னும் பாக்கி.